மோடத்துக்கு முன்னால் மூன்று மீட்டர்: ஃபைபர் பேட்ச் கார்டைத் தேர்வு செய்வதும் பயன்படுத்துவதும்

சிறுசேரி சிப்காட்டைச் சுற்றியுள்ள நாவலூர், படூர், தாழம்பூர், கேளம்பாக்கம் அடுக்குமாடிகளில் குடியிருப்பவர்களுக்கு ஒரு சிவப்பு விளக்கு நன்றாகவே பழக்கம். இணையப் பெட்டியில் எல்.ஓ.எஸ். என்று எழுதிய இடத்தில் அது மினுக்கும். ஒளி வந்து சேரவில்லை என்பது அதன் பொருள். இரவு ஷிஃப்ட்டை வீட்டிலிருந்தே பார்க்கும் மகன் மேலாளருக்கு என்ன பதில் சொல்வது என்று முழிப்பான். மகளின் ஆன்லைன் வகுப்பு பாதியில் நிற்கும். துபாயிலிருந்தோ ரியாதிலிருந்தோ அத்தா பேசிக்கொண்டிருந்த வீடியோ அழைப்பு உறைந்துபோகும். உடனே நாம் செய்வது பெட்டியை அணைத்துப் போடுவது, பிறகு நிறுவனத்துக்குப் புகார் கொடுப்பது, அதற்கும் பிறகு கடைக்குப் போய்ப் புதிய ரவுட்டர் வாங்குவது.

பல வீடுகளில் கோளாறு இருக்கும் இடம் ரவுட்டர் அல்ல. சுவரில் உள்ள சிறு பெட்டிக்கும் மோடத்துக்கும் இடையே தொங்கும் இரண்டு மூன்று மீட்டர் மெல்லிய வயர். அதன் பெயர் பேட்ச் கார்டு. இரு முனையிலும் கனெக்டர் பொருத்தித் தொழிற்சாலையிலிருந்தே வரும் ஒளியிழை வயர் அது. மொத்த வலைப்பின்னலில் விலை குறைந்த பொருள் அதுதான். அதிகம் கைபடுவதும், மிதிபடுவதும், பீரோவுக்குப் பின்னால் நசுங்குவதும் அதுதான்.

எங்கள் மதரஸாவில் இதைக் காசு கொடுத்துத் தெரிந்துகொண்டோம். ஆன்லைன் வகுப்பு அடிக்கடி அறுந்துபோனது. ரவுட்டரை இரண்டு முறை மாற்றினோம். கடைசியில் வந்த டெக்னீஷியன் தம்பி பெட்டியைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஹஜ்ரத், பச்சைக்கு நீலம் சேராது. யாரோ மாத்திப் போட்டிருக்காங்க" என்றார். புதிய வயர் ஒன்றைப் போட்டார். அன்றோடு தொல்லை தீர்ந்தது. பச்சை, நீலம் என்று அவர் சொன்னது என்ன என்று விசாரிக்கப்போய்த் திரட்டியதுதான் இந்தக் கட்டுரை. இயற்பியல் படித்தவன் அல்ல நான். ஆனாலும் இதற்குப் பெரிய படிப்பு தேவையில்லை என்பதை வாசகர்களே பார்ப்பீர்கள்.

கடலிலிருந்து சுவர் வரை

நம் பகுதியில் ஏன் இத்தனை ஃபைபர் என்று முதலில் பார்த்துவிடலாம். சென்னைக் கடற்கரை இந்தியாவின் முக்கியமான கடலடி கேபிள் வாசல்களில் ஒன்று. சிங்கப்பூருக்கும் சென்னைக்கும் இடையே சுமார் 3,200 கிலோமீட்டர் நீளமுள்ள ஐ2ஐ கேபிள் 2002இல் செயல்பாட்டுக்கு வந்தது. அடுத்து டாட்டாவின் கேபிள், சீ-மீ-வீ 4, வங்காள விரிகுடா கேபிள் என்று வரிசையாக வந்தன. சென்னையிலிருந்து அந்தமானுக்கும் நிக்கோபாருக்கும் போகும் சுமார் 2,300 கிலோமீட்டர் கேபிள் 2020 ஆகஸ்ட் 10 அன்று திறக்கப்பட்டது. இப்படிக் கேபிள்கள் வந்து சேரும் ஊரில் டேட்டா சென்டர்களும் வளர்ந்தன. சிறுசேரியில் அதானி கனெக்ஸ், ஏர்டெலின் நெக்ஸ்ட்ரா, சிஃபி போன்ற நிறுவனங்களின் டேட்டா சென்டர்கள் இருக்கின்றன. அவற்றுக்குள் அடுக்கடுக்காக நிற்கும் கருவிகளை ஒன்றோடொன்று இணைப்பதும் இதே பேட்ச் கார்டுதான். அங்கே ஆயிரக்கணக்கில், நம் வீட்டில் ஒன்று.

இதில் ஒரு வித்தியாசத்தை மனத்தில் வைக்க வேண்டும். கடலடி கேபிளில் ஒளி போகப் போகத் தளரும். அதனால் ஏறத்தாழ 60 முதல் 100 கிலோமீட்டருக்கு ஒன்று என்று ஒளிக்கு வலுவூட்டும் கருவியைக் கடலுக்கு அடியிலேயே வைத்திருக்கிறார்கள். நிறுவனத்தின் அலுவலகத்திலிருந்து நம் வீட்டுக்கு வரும் வழியில் அப்படி எதுவும் கிடையாது. இன்று பெரும்பாலான வீடுகளுக்கு இணையம் தரும் ஜிபான் முறையில் ஒரே இழையில் வரும் ஒளியை, மின்சாரமே இல்லாத ஸ்பிளிட்டர் என்னும் சிறு பெட்டி 32 அல்லது 64 வீடுகளுக்குப் பங்கு பிரிக்கிறது. நமக்குக் கிடைத்த பங்கு அவ்வளவுதான். வழியில் சிந்தியதை யாரும் நிரப்பித் தரமாட்டார்கள்.

ஒளி எப்படி உள்ளேயே நிற்கிறது

மாமல்லபுரத்துக் கலங்கரை விளக்கத்தின் ஒளி கடல்மேல் விரிந்து, தூரம் போகப் போக மங்கிவிடும். ஃபைபருக்குள் ஒளி அப்படி விரிய முடியாது. நடுவில் ஒரு கண்ணாடி இழை, அதைச் சுற்றி ஒளிவிலகல் எண் சற்றே குறைந்த இன்னொரு கண்ணாடி உறை. இரண்டும் சந்திக்கும் இடத்தில் சாய்வாகப் படும் ஒளி வெளியேறாமல் முழுவதுமாக உள்ளே திரும்புகிறது. முழு அக எதிரொளிப்பு என்று பள்ளிப் பாடத்தில் படித்ததுதான்.

ஒளி ஒரு பொருளிலிருந்து இன்னொன்றுக்குள் போகும்போது எவ்வளவு வளையும் என்ற விதியைச் சுமார் 984ஆம் ஆண்டிலேயே பக்தாதில் இப்னு சஹ்ல் வடிவக்கணிதத்தில் எழுதிவைத்தார். அடுத்த தலைமுறையில் பஸராவில் பிறந்த இப்னுல் ஹைஸம் ஒளியியலுக்கென்றே பெருநூல் எழுதினார். இதைச் சொன்னவுடன் "ஃபைபரைக் கண்டுபிடித்ததே நாம்தான்" என்று வாட்ஸ்அப்பில் பரப்பிவிட வேண்டாம். வளைந்த கண்ணாடி இழைக் கற்றை வழியாகப் படத்தையே கடத்திக் காட்டி 1954இல் ஆய்வுக் கட்டுரை வெளியிட்டவர்களில் ஒருவர் பஞ்சாபின் மோகாவில் பிறந்த நரிந்தர் சிங் கபானி. கண்ணாடியைத் தூய்மையாக்கினால் தொலைதூரத் தகவலையே அனுப்பலாம் என்று 1966இல் சொன்னவர் சார்லஸ் காவ். அதற்காக அவருக்கு 2009இல் நோபல் பரிசு கிடைத்தது.

வீட்டுக்கு வரும் இழையில் ஒளி ஓடும் நடுப்பகுதியின் விட்டம் சுமார் 9 மைக்ரான். நம் தலைமுடி பொதுவாக 50 முதல் 100 மைக்ரான் வரை இருக்கும். அதாவது முடியின் தடிமனில் ஐந்தில் ஒரு பங்குகூட அந்த வாசலுக்கு அகலமில்லை. இனி வரும் தேர்வு விதிகள் எல்லாம் இந்த ஒரு அளவிலிருந்து பிறந்தவைதான்.

எந்த வகை இழை

ஃபைபர் இரண்டு வகை. நடுப்பகுதி 9 மைக்ரான் உள்ளது சிங்கிள் மோட். 50 அல்லது 62.5 மைக்ரான் உள்ளது மல்டி மோட். வெளிக் கண்ணாடியின் விட்டம் இரண்டிலும் 125 மைக்ரான்தான். அதனால் கனெக்டர் ஒன்றுபோலவே இருக்கும், ஒன்றில் மற்றொன்று தடையின்றிப் பொருந்தும். ஏமாறும் இடம் அதுதான். வயரின் உறையில் 9/125 என்று அச்சிட்டிருந்தால் சிங்கிள் மோட், 50/125 அல்லது 62.5/125 என்றிருந்தால் மல்டி மோட்.

உறையின் நிறமும் உதவும். மஞ்சள் என்றால் வழக்கமாகச் சிங்கிள் மோட். ஆரஞ்சு பழைய மல்டி மோட், ஓ.எம். 1 அல்லது ஓ.எம். 2. கடல்நீலப் பச்சை ஓ.எம். 3 அல்லது ஓ.எம். 4. ஓ.எம். 4 ஊதா நிறத்திலும் வரும். எலுமிச்சைப் பச்சை ஓ.எம். 5. ஆனால் நிறத்தை மட்டும் நம்பாமல் அச்சைப் படியுங்கள். வீட்டுக்கென்று வெள்ளை உறையில் வரும் சிங்கிள் மோட் வயர்களும் உண்டு.

வீட்டு இணையத்துக்கு எப்போதும் சிங்கிள் மோட்தான். அதில் சந்தேகமே வேண்டாம். கடைக்காரர் "இது இன்னும் தடிமன், இன்னும் நல்லது" என்று ஆரஞ்சு வயரைக் காட்டினால் வாங்காதீர்கள். 9 மைக்ரான் இழையிலிருந்து 50 மைக்ரான் இழைக்குள் ஒளி சுலபமாகப் பாயும், திரும்பி வரும்போது 50இலிருந்து 9க்குள் நுழைய முடியாமல் பெரும்பகுதி வீணாகும். குடத்து நீரை ஊசித் துளைக்குள் ஊற்றுவது போலத்தான்.

மல்டி மோட் ஒரே கட்டடத்துக்குள், ஒரே அறைக்குள் கருவிகளை இணைக்கப் பயன்படுகிறது. 10 கிகாபிட் வேகத்தில் ஓ.எம். 3 இழை 300 மீட்டர் வரைக்கும், ஓ.எம். 4 இழை 400 மீட்டர் வரைக்கும் தாங்கும். பழைய ஓ.எம். 1 அதே வேகத்தில் 33 மீட்டரோடு நின்றுவிடும். அலுவலகத்தில் பழைய ஆரஞ்சு வயர்களை அப்படியே விட்டுவிட்டுக் கருவிகளை மட்டும் புதிதாக மாற்றுகிறவர்கள் மாட்டிக்கொள்வது இதில்தான்.

பச்சையும் நீலமும்

இனி அந்தத் தம்பி சொன்ன விஷயம். கனெக்டரில் சதுரமாக, தள்ளினால் டிக்கென்று பூட்டிக்கொள்ளும் பெரிய வகை எஸ்.சி. அதற்குள் இருக்கும் வெள்ளைப் பீங்கான் குச்சியின் விட்டம் 2.5 மில்லிமீட்டர். அதைவிடச் சிறியது, தொலைபேசி வயர் முனைபோல் மேலே ஒரு நாக்கு உள்ளது எல்.சி. அதன் குச்சி 1.25 மில்லிமீட்டர். வீட்டு மோடத்தில் பெரும்பாலும் எஸ்.சி., அலுவலக ஸ்விட்சுகளிலும் டேட்டா சென்டர்களிலும் பெரும்பாலும் எல்.சி. இதில் தவறு நடக்க வாய்ப்பில்லை, பொருந்தாது.

தவறு நடப்பது முனையைத் தேய்த்த விதத்தில். ஒரு வகையில் குச்சியின் முகம் நேராக, லேசான குவிவோடு தேய்க்கப்பட்டிருக்கும். அது யூ.பி.சி., நிறம் நீலம். இன்னொரு வகையில் முகம் 8 டிகிரி சாய்வாகத் தேய்க்கப்பட்டிருக்கும். அது ஏ.பி.சி., நிறம் பச்சை. இழை முடியும் இடத்தில் சிறிதளவு ஒளி பட்டுத் திரும்பி வந்த வழியே ஓடும். அது அனுப்பும் கருவிக்குத் தொந்தரவு. சாய்வாகத் தேய்த்தால் அப்படித் திரும்பும் ஒளி இழைக்குள் நிற்காமல் பக்கவாட்டில் வெளியேறிவிடும். அதற்காகவே வீட்டு இணையப் பாதையில் பச்சையை விரும்புகிறார்கள்.

பச்சை எஸ்.சி.யும் நீல எஸ்.சி.யும் ஒன்றுக்கொன்று நன்றாகவே பூட்டிக்கொள்ளும். டிக் சத்தமும் கேட்கும். உள்ளே பார்த்தால் ஒரு முகம் நேர், ஒரு முகம் சாய்வு. இரண்டுக்கும் நடுவே காற்று இடைவெளி. ஒளியில் பாதிக்கு மேல் அங்கேயே போய்விடலாம். அதைவிட மோசம், சாய்வு முகத்தின் கூர்மையான ஓரம் நேர் முகத்தில் அழுத்திக் கீறிவிடும். அப்படிக் கீறிய கனெக்டரைச் சரியான ஜோடியோடு பிறகு சேர்த்தாலும் பயனில்லை. இணையம் முழுவதும் நின்றுவிட்டால் யாராவது வந்து பார்ப்பார்கள். இது நின்றும் நிற்காமலும் மாதக்கணக்கில் இழுக்கும் கோளாறு.

ஆகவே புதிய கார்டு வாங்கும்போது பழைய கார்டின் நிறத்தைப் பார்க்காதீர்கள். அதுவே தவறாக இருக்கலாம். மோடத்தின் துளை என்ன நிறம், சுவர்ப் பெட்டியில் உள்ள துளை என்ன நிறம் என்று பாருங்கள். இரண்டும் பச்சை என்றால் இரு முனையும் பச்சையாக உள்ள கார்டு. சில மோடங்களில் நீலத் துளை இருக்கும். அப்போது ஒரு முனை பச்சை, மறுமுனை நீலமாக உள்ள கார்டு கேட்டு வாங்க வேண்டும். அப்படியும் தயாரித்து விற்கிறார்கள். சந்தேகம் இருந்தால் இரண்டு துளைகளையும் போனில் படம் எடுத்துக் கடையில் காட்டுவது சிறந்த வழி.

கணக்குப் பார்த்தால்

ஒளி எவ்வளவு குறைந்தது என்பதை டெசிபலில் சொல்கிறார்கள். 3 டெசிபல் குறைந்தால் பாதி, 10 குறைந்தால் பத்தில் ஒன்று, 20 குறைந்தால் நூறில் ஒன்று. ஒரு மில்லிவாட் ஒளியைப் பூஜ்யம் என்று வைத்து, அதற்குக் கீழே உள்ளதை மைனஸில் குறிப்பார்கள். அந்த அலகு டிபிஎம். மோடத்தின் அமைப்புப் பக்கத்தைத் திறந்தால் 'ஆர்.எக்ஸ். ஆப்டிகல் பவர்' என்ற பெயரில் இந்த எண் பெரும்பாலும் இருக்கும்.

ஒரு மாதிரிக் கணக்கு. நிறுவனத்திலிருந்து ஒளி +3 டிபிஎம் அளவில், அதாவது 2 மில்லிவாட்டாகக் கிளம்புகிறது. 32 வீட்டு ஸ்பிளிட்டரில் சுமார் 17 டெசிபல் போகிறது. ஐந்து கிலோமீட்டர் இழையில் ஒன்றரை. வழியில் உள்ள இணைப்புகளில் இரண்டு. மிச்சம் மைனஸ் 17.5. இது நல்ல நிலை. மோடத்தால் சுமார் மைனஸ் 27 வரை படிக்க முடியும். அதாவது ஒரு மில்லிவாட்டில் ஐந்நூறில் ஒரு பங்கு இருந்தாலே போதும். அதற்குக் கீழே போனால் சிவப்பு விளக்கு.

இனி பச்சையில் நீலத்தைச் செருகி 4 டெசிபல் இழந்தோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். மைனஸ் 21.5. இணையம் ஓடும், எதுவும் தெரியாது. ஒரு நாள் சோஃபாவைத் தள்ளும்போது வயர் மடங்கி இன்னொரு 4 போகிறது. மைனஸ் 25.5. இப்போதும் ஓடும், எப்போதாவது தடுமாறும். பெட்டியைத் துடைக்கக் கழற்றி மாட்டியதில் முனையில் தூசி படிந்து இரண்டு போகிறது. மைனஸ் 27.5. அன்றைக்கு நின்றுவிடுகிறது. வீட்டில் எல்லோரும் சொல்வது, "நேத்து வரைக்கும் நல்லாத்தானே இருந்தது" என்று. நேற்று வரை நன்றாக இல்லை, தாங்கிக்கொண்டிருந்தது.

எனவே இணைப்பு புதிதாக நன்றாக ஓடும் நாளிலேயே அந்த எண்ணைப் பார்த்துச் சுவர்ப் பெட்டியின் மேல் எழுதி ஒட்டிவையுங்கள். பிறகு புகார் கொடுக்கும்போது "அன்றைக்கு மைனஸ் 18, இன்றைக்கு மைனஸ் 26" என்று சொன்னால் பேச்சே வேறு. ரவுட்டர் வாங்கச் சொல்லி உங்களை அனுப்ப முடியாது.

நல்ல பேட்ச் கார்டின் ஒரு இணைப்பில் இழப்பு 0.3 டெசிபலுக்கு உள்ளே இருக்கும். தரமான கார்டுகளோடு ஒவ்வொன்றுக்கும் சோதனைச் சீட்டு வரும். இரு முனைக்கும் தனித்தனியே இழப்பும், திரும்பும் ஒளியின் அளவும் எழுதியிருக்கும். திரும்பும் ஒளிக்கான எண் நீலத்துக்கு 50க்கு மேலும் பச்சைக்கு 60க்கு மேலும் இருப்பது நல்லது. ரிச்சி தெருவில் வாங்கினாலும் ஆன்லைனில் வாங்கினாலும் இந்தச் சீட்டு இருக்கிறதா, இரு முனையிலும் தூசி மூடி இருக்கிறதா, உறையில் இழை வகை அச்சிட்டிருக்கிறதா என்று பாருங்கள். எந்த அச்சும் இல்லாத வயர் எவ்வளவு மலிவாக இருந்தாலும் வேண்டாம்.

வளைவு, நீளம், உறை

கண்ணாடி என்றாலும் ஃபைபர் வளையும். ஆனால் அளவுக்கு மேல் வளைத்தால் உடையாமலேயே ஒளி கசியும். சாதாரணச் சிங்கிள் மோட் இழைக்கு (ஜி.652 என்ற வகை) 30 மில்லிமீட்டர் ஆரம் வரை வளைக்கலாம். சுற்றி வைத்தால் வட்டத்தின் குறுக்கு 6 சென்டிமீட்டர், கிட்டத்தட்ட ஒரு டீ டம்ளரின் வாய். வீடுகளுக்கென்றே வந்த ஜி.657 வகையில் ஏ1 இழை 10 மில்லிமீட்டர் ஆரத்தையும், ஏ2 இழை 7.5 மில்லிமீட்டரையும் தாங்கும். வீட்டுக்கு வாங்கும்போது ஜி.657 ஏ2 என்று கேளுங்கள். அதற்காகச் சுவர் மூலையில் செங்குத்தாக மடித்து ஆணி அடிக்கலாம் என்று பொருளில்லை.

நீளம் தேவைக்குச் சற்றே கூடுதலாக இருந்தால் போதும். இரண்டு மீட்டர் வேண்டிய இடத்தில் பத்து மீட்டர் வாங்கி, மிச்சத்தைச் சுருட்டிப் பிளாஸ்டிக் டேகால் இறுக்கிக் கட்டுவது வழக்கமான தவறு. இறுக்கிய இடத்தில் கசியும். ஒட்டிப் பிரிக்கும் துணிப்பட்டையால் தளர்வாகக் கட்டுங்கள். கதவிடுக்கு, கட்டில் கால், கார்ப்பெட்டுக்கு அடி ஆகிய மூன்று இடங்களும் ஆகாது. எலி நடமாட்டம் உள்ள வீட்டில் பி.வி.சி. பட்டைக்குள் விட்டு மூடிவிடுவது நல்லது.

உறையைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். சாதாரண பி.வி.சி. உறை தீப்பிடித்தால் அடர்ந்த கரும்புகையும் ஹைட்ரஜன் குளோரைடு என்ற அரிக்கும் வாயுவும் வரும். புகை குறைந்த, ஹாலஜன் இல்லாத உறை உண்டு, எல்.எஸ்.இசட்.எச். என்று அச்சிட்டிருக்கும். ஒரே ஒரு வயருக்கு இது பெரிய விஷயமில்லை. பள்ளிவாசல், திருமண மண்டபம், விடுதி போல ஜனம் கூடும் கட்டடங்களில் கேமராக்களுக்கும் ஒலிபெருக்கிக்கும் என்று நிறைய வயர் இழுக்கும்போது இதையே கேட்டு வாங்க வேண்டும்.

தூசி

இந்தத் துறையில் வேலை பார்க்கும் யாரைக் கேட்டாலும் முதலில் சொல்வது தூசியைத்தான். வாசல் 9 மைக்ரான் என்று சொன்னேன். கண்ணுக்கே தெரியாத ஒரு துகள் அந்த வாசலை முழுவதும் அடைத்துவிடும். இரண்டு முகங்களையும் அழுத்திச் சேர்க்கும்போது அதே துகள் கண்ணாடியில் குழி போடும். கடலோரக் காற்றும், ஓ.எம்.ஆர். கட்டுமானத் தூசியும் நமக்குக் கூடுதல் சீதனம்.

முனையை விரலால் தொடக்கூடாது. விரலின் எண்ணெய் ஒட்டும், அத்தர் பூசிய கை என்றால் சொல்லவே வேண்டாம். சட்டை நுனியில் துடைப்பது, வாயால் ஊதுவது, கை சானிடைசர் தடவுவது மூன்றும் தவறு. சட்டையில் நார் இருக்கும், ஊதினால் ஈரம் படியும், சானிடைசரில் உள்ள பிசின் காய்ந்து படலமாகும். பேனா போல ஒரு கிளீனர் விற்கிறார்கள். முனையில் வைத்து அழுத்தினால் டிக்கென்ற சத்தத்தோடு உள்ளேயுள்ள நாடா துடைத்துவிடும். எஸ்.சி.க்கு 2.5, எல்.சி.க்கு 1.25 என்று அளவு பார்த்து வாங்க வேண்டும். அதே பேனாவால் சுவர்ப் பெட்டியின் துளைக்குள் இருக்கும் முனையையும் துடைக்கலாம். ஒரு பக்கத்தை மட்டும் துடைத்துச் செருகினால் மறுபக்கத்து அழுக்கு இங்கே ஒட்டிக்கொள்ளும். ஒரு மாடிக்கு ஒரு பேனா என்று சேர்ந்து வாங்கினாலே போதும். தொழில் செய்கிறவர்கள் இதோடு நுண்ணோக்கியும் வைத்திருப்பார்கள். பார்த்து, துடைத்து, மறுபடி பார்த்து, பிறகே செருகுவது அவர்கள் முறை.

கழற்றாமலே இருந்தால் தூசி புகாது. பெட்டியைத் துடைக்கிறேன் என்று மாதம் ஒருமுறை கார்டை உருவிப் போடும் பழக்கம் இருந்தால் விட்டுவிடுங்கள்.

கண்ணும் குழந்தையும்

உருவிய முனையைக் கண்ணுக்கு நேரே பிடித்து "லைட் வருதா" என்று பார்ப்பவர்களை நானே பார்த்திருக்கிறேன். வீட்டுக்கு வரும் ஒளி 1490 நானோமீட்டர் அலைநீளம் கொண்ட அகச்சிவப்பு. நம் கண்ணுக்குத் தெரியாது. தெரியாததால் கண் இமைத்துக்கொள்ளவும் செய்யாது. வீட்டு முனையில் அளவு மிகக் குறைவு என்றாலும், நிறுவனப் பக்கத்திலும் டேட்டா சென்டரிலும் அப்படியே இருக்கும் என்று சொல்ல முடியாது. எந்த முனையையும் எங்கேயும் பார்க்காமல் இருப்பதே பழக்கமாக வேண்டும்.

டி.வி. ரிமோட்டைப் போன் கேமராவில் பார்த்தால் வெளிச்சம் தெரிகிறதே, அதேபோல் இதையும் பார்க்கலாமே என்று சிலர் நினைக்கிறார்கள். ரிமோட் 940 நானோமீட்டர் அளவில் வேலை செய்கிறது. கேமராவின் சிலிக்கான் சில்லு சுமார் 1100க்கு மேல் குருடு. எனவே கேமராவில் இருட்டாகத் தெரிந்தால் ஒளி வரவில்லை என்று முடிவு செய்ய முடியாது. இழை எங்கே உடைந்திருக்கிறது என்று பார்க்க டெக்னீஷியன்கள் விடும் சிவப்பு லேசர் கண்ணுக்குத் தெரியும் ஒளி. உடைந்த இடம் சிவப்பாக ஒளிரும். பிள்ளைகளுக்கு வேடிக்கையாக இருக்கும், அருகே விடாதீர்கள்.

இரண்டு கட்டடங்களுக்கு நடுவே

பள்ளிவாசலும் மதரஸாவும் ஒரே வளாகத்தில் தனித்தனிக் கட்டடங்களாக இருக்கும் ஊர்களில் நெட்வொர்க் இழுக்கும் தேவை வரும். சாதாரண கேட் 6 செப்பு வயர் 100 மீட்டருக்கு மேல் போகாது. அதைவிட முக்கியம் இடி. வடகிழக்குப் பருவமழையில் இடி இறங்கினால் செப்பு வயர் வழியாக இரு கட்டடத்து ஸ்விட்சுகளும் ஒன்றாகக் கருகும். கண்ணாடி மின்சாரத்தைக் கடத்தாது. ஆகவே உள்ளே இரும்புக் கம்பி இல்லாத ஃபைபர் கேபிளாகக் கேட்டு இழுத்து, இரு முனையிலும் சுவர்ப் பெட்டியில் முடித்து, அங்கிருந்து பேட்ச் கார்டில் ஸ்விட்சுக்குப் போவதுதான் சரி. சிங்கிள் மோட் போடுங்கள். பின்னால் வேகம் கூட்ட வேண்டுமானால் கேபிளைத் தோண்ட வேண்டியதில்லை.

ஸ்விட்சில் செருகும் எஸ்.எஃப்.பி. துண்டுகள் ஜோடியாகச் சேர வேண்டும். ஒரே இழையில் இரு திசையும் போகும் வகையில் ஒன்று 1310இல் அனுப்பி 1550இல் வாங்கும், மறுபக்கம் அதற்கு நேர்மாறாக இருக்க வேண்டும். இரண்டையும் ஒரே மாதிரி வாங்கிவிட்டு ஓடவில்லை என்று திகைத்தவர்கள் உண்டு. இரட்டை இழை வகை என்றால் இந்தப் பக்கம் அனுப்பும் துளை அந்தப் பக்கம் வாங்கும் துளைக்குப் போக வேண்டும். விளக்கு எரியாவிட்டால் ஒரு முனையில் மட்டும் இரண்டு எல்.சி.யையும் இடம் மாற்றிப் பாருங்கள். 80 கிலோமீட்டர் போகும் துண்டை "பவர் அதிகம்" என்று 80 மீட்டருக்கு வாங்கவும் கூடாது. ஒளி மிகுதியால் வாங்கும் பக்கம் திணறும், கெட்டும் போகலாம்.

இரு முனையிலும் பெயர்ச்சீட்டு ஒட்டுங்கள். டேட்டா சென்டரில் வேலைக்குச் சேரும் நம் பிள்ளைகளுக்கு முதல் நாளில் சொல்லிக்கொடுப்பதும் இதுவே. ஆயிரம் மஞ்சள் வயர்களுக்கு நடுவே சீட்டில்லாத ஒன்றை உருவினால் யாருடைய சேவை நின்றது என்று யாருக்கும் தெரியாது. ஐ.டி.ஐ., டிப்ளமோ முடித்தவர்கள் இழை ஒட்டுதல், சோதனைக் கருவி பயன்படுத்துதல் ஆகிய இரண்டையும் கையால் பழகிவிட்டால் இந்தப் பகுதியில் அந்தத் திறமைக்குத் தேவை இருக்கிறது.

சிவப்பு விளக்கு எரிந்தால்

முதலில் பக்கத்து வீட்டில் கேளுங்கள். அங்கேயும் இல்லையென்றால் தெருவிலோ மெட்ரோ வேலை நடக்கும் இடத்திலோ கேபிள் அறுந்திருக்கலாம். நாம் தொட வேண்டியதில்லை, காத்திருக்க வேண்டியதுதான். நம் வீட்டில் மட்டும் என்றால் மோடத்திலிருந்து சுவர் வரை வயரை விரலால் தடவிக்கொண்டே போய் நசுங்கல், மடிப்பு இருக்கிறதா என்று பாருங்கள். கனெக்டர் முழுவதும் உள்ளே இருக்கிறதா, நிறம் நிறத்தோடு சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். பிறகு கிளீனரால் இரு முனையும் துடைத்துச் செருகுங்கள். அப்போதும் சிவப்பு என்றால் வீட்டில் வைத்திருக்கும் உபரி கார்டைப் போட்டுப் பாருங்கள். அதற்கும் பிறகுதான் புகார்.

உபரி கார்டு போட்டுப் பார்க்கும் வசதி எல்லா வீட்டிலும் இல்லை. பல இடங்களில் வெளியிலிருந்து வரும் கறுப்பு வயரையே வெட்டி, முனையில் கையால் பொருத்தும் ஃபாஸ்ட் கனெக்டரை மாட்டி, நேராக மோடத்தில் செருகிவிட்டுப் போகிறார்கள். வேலை சீக்கிரம் முடியும் என்பதால். மோடத்தை நகர்த்தினால் அந்த முனை ஆடும், உடைந்தால் மறுபடி ஆள் வர வேண்டும். புது இணைப்பு வாங்கும் அன்றே சுவரில் சிறு டெர்மினேஷன் பெட்டி வைத்து, வெளி வயரை அதற்குள் ஒட்டி முடித்து, அங்கிருந்து தொழிற்சாலைக் கார்டு போட்டுத் தரச் சொல்லுங்கள். அதற்குத் தனியாகப் பணம் கேட்டாலும் கொடுத்துவிடலாம். பிறகு எது கெட்டாலும் மூன்று மீட்டர் கார்டை நாமே மாற்றிக்கொள்ளலாம்.

வேலை முடிந்து டெக்னீஷியன் போனதும் தரையைக் கூட்டுவதற்கு முன் ஒட்டு டேப்பால் அந்த இடத்தை ஒத்தி எடுங்கள். வெட்டிய இழைத் துணுக்கு கண்ணுக்குத் தெரியாது, தவழும் குழந்தையின் கையில் ஏறினால் எடுப்பது சிரமம். அந்த டேப்பைக் காகிதத்தில் மடித்து, மூடியுள்ள ஒரு டப்பாவில் போட்டுக் குப்பையில் சேர்க்க வேண்டும்.